ஊர்ப்பெயரும் உழைப்பின் நிலமும்: ரா. பி. சேதுப்பிள்ளையின் இடப்பெயராய்வு பற்றிய ஒரு மதிப்பீடு

தமிழில் இடப்பெயராய்வு பற்றிப் பேசப் புகுவோர் ரா. பி. சேதுப்பிள்ளையின் 'தமிழகம் ஊரும் பேரும்' என்னும் நூலிலிருந்தே தொடங்க வேண்டியவராயுள்ளனர். 1946ஆம் ஆண்டில் வெளிவந்த அந்நூலின் நடையழகு பலராலும் போற்றப்பட்டுள்ளது. அதன் ஆய்வுமுறை எத்தகையது, பெரியநீலாவணை போன்றதொரு கிழக்கிலங்கைக் கரையோரக் கிராமத்தின் பெயரை ஆராய முற்படும்போது அது எமக்கு எவ்வளவு தூரம் கைகொடுக்கும் என்பனவே இங்கு எமது வினாக்களாகும்.

திருநெல்வேலிக்கு அண்மையிலுள்ள இராசவல்லிபுரத்தில் 1896இல் பிறந்த சேதுப்பிள்ளை, சட்டம் பயின்று வழக்கறிஞராகத் தொழில் புரிந்தவர். நெல்லை நகர்மன்றத் துணைத்தலைவராக இருந்த காலத்தில், திரிந்து வழங்கிய தெருப்பெயர்களைத் திருத்தி, அவற்றின் பழைய வடிவங்களை நிலைபெறச் செய்தார். பின்னர் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்திலும், 1936 முதல் சென்னைப் பல்கலைக்கழகத்திலும் பணியாற்றினார். 'தமிழின்பம்' என்னும் நூலுக்காக 1955இல் சாகித்திய அக்காதெமிப் பரிசு பெற்றார். 1961இல் மறைந்தார். தெருப்பெயர்களைத் திருத்திய அந்நகர்மன்றப் பணியிலேயே அவரது பிற்கால ஆய்வின் அடிப்படை நோக்கு புலப்படுகின்றது. ஒவ்வோர் ஊருக்கும் உண்மையான பெயர் ஒன்று உண்டு. வழக்கிலுள்ளது அதன் சிதைவு. சிதைவை நீக்கி மூலத்தைக் காண்பதே ஆய்வாளனின் கடமை என்பதே அந்நோக்காகும்.

இந்நோக்கின் பயனை நாம் குறைத்து மதிப்பிடவில்லை. முதுகுன்றம் விருத்தாசலமாகவும் மறைக்காடு வேதாரணியமாகவும் மாறிய ஒரு நாட்டில், மூலவடிவத்தைத் தேடுவது பண்பாட்டுரிமையைத் தேடுவதாகவும் அமைந்தது. கல்வெட்டையும் பக்திப் பாடலையும் ஊர்ப்பெயருக்குச் சான்றாக்கி, சிதறிக் கிடந்த செய்திகளை ஒரே நூலில் திரட்டியமை தனியொருவரின் அரிய சாதனையாகும்.

எனினும், அந்நூலின் பெரும்பாரம் மன்னர் மீதும் கோயில் மீதுமே விழுகின்றது. சான்றின் இயல்பு இதற்கு ஒரு காரணம். கல்லில் பொறித்தோர் ஆட்சியாளரும் கோயிலாருமே. ஆனால் அதே நிலக்கொடைச் சாசனங்கள் தானநிலத்தின் எல்லை கூறும்போது ஏரி, வாய்க்கால், மேடு, வழி ஆகியவற்றையும் குறிப்பிடுகின்றன. உழுதவனும் நீர் பாய்ச்சியவனும் வைத்த பெயர்கள் அவ்வெல்லைக் குறிப்புகளிலேயே தங்கியுள்ளன. அவற்றைத் தனித்தெடுத்து நிலத்தோடு பொருத்திப் பார்க்கும் பணி சேதுப்பிள்ளையின் திட்டத்தில் மையமான இடம் பெறவில்லை.

இங்கு ஆங்கில இடப்பெயராய்வுடன் ஒப்புநோக்குதல் பயன்தரும். 1923இல் நிறுவப்பட்ட ஆங்கில இடப்பெயர்க் கழகம், மாவட்டந்தோறும் பெயர்களின் பழைய எழுத்துவடிவங்களைக் காலவரிசையில் தொகுத்து வெளியிடலாயிற்று. அக்கழகத்தில் 1946 முதல் 1953 வரை பணியாற்றிய மார்கரெட் கெல்லிங், பின்னர் தம் வாழ்நாளின் பெரும்பகுதியைப் பல்கலைக்கழக முழுநேரப் பதவியெதுவுமின்றியே ஆய்வில் கழித்தவர். பெர்க்‌ஷயர் பற்றிய அவரது தொகுதிகளுள் 1976இல் வெளிவந்த மூன்றாவது, பழைய சாசனங்களின் எல்லைக் குறிப்புகளை விரிவாக ஆராய்கின்றது. ஒரு தலைவனின் குழுவினரைச் சுட்டும் பெயர்களே ஆங்கிலேயரின் முதற்குடியேற்றத்துக்குரியவை என்ற நெடுங்காலக் கொள்கை 1960களில் ஆட்டங்கண்டபோது, ஆற்றுத்துறை, குன்று, நீர்சூழ் மேடு என நிலத்தைச் சுட்டும் பெயர்களும் மிகப் பழையனவே என்பதை வலியுறுத்தியவர்களுள் அவர் முதன்மையானவர். குன்றைக் குறிக்கும் பழைய ஆங்கிலச் சொற்கள் வெவ்வேறு வடிவக் குன்றுகளுக்கு உரியன என்பதை அவர் களத்தில் நேரிற் கண்டு காட்டினார். தலைவனிலிருந்து நிலத்துக்கு ஆய்வின் கண் திரும்பியமையே இதில் நாம் கருதத்தக்கது.

இனிப் பெரியநீலாவணைக்கு வருவோம். 'நீல', 'அணை' எனப் பிரித்துப் பொருள் கூறுவது எளிது. ஆனால் அவ்வாறு புணரின் 'நீலவணை' என்றே நிற்கும். 'நீலாவணை' என்பதன் நெடிலுக்குக் காரணம் காட்டப்படல் வேண்டும். பழைய உறுதிகளிலும் பதிவேடுகளிலும் உள்ள வடிவங்களை வரிசைப்படுத்தாமல் கூறப்படும் எவ்விளக்கமும் செவிக்கினிய ஊகமாகவே முடியும். அயலூர்ப் பெயர்களும் சான்றாகும். மருதமுனை என்பதில் உள்ளது மருத மரமா, மருத நிலமா என்ற ஐயத்துக்குத் தெற்கேயுள்ள சாய்ந்தமருது ஓரளவு விடை தருகின்றது. சாய்வது மரமேயன்றி நிலமன்று.

வாவிப்பக்கத்தில் துறைநீலாவணை உள்ளது. ஒன்றுக்குப் 'பெரிய' என்றும் மற்றதற்குத் 'துறை' என்றும் அடைகொடுத்து வேறுபடுத்திய மக்கள், இரண்டையும் ஒரே வாழ்வுப் பரப்பின் பகுதிகளாகவே கண்டனர். 1961இல் அம்பாறை மாவட்டம் உருவாக்கப்பட்டபின் ஒன்று அம்மாவட்டத்திலும் மற்றது மட்டக்களப்பிலுமாயின. நிர்வாக எல்லை பிரித்ததைப் பெயர் இன்னும் பிரிக்கவில்லை.

மேலும், இக்கரையில் முனை, துறை, தீவு, காடு, இருப்பு என்பன தமிழர் ஊரிலும் முஸ்லிம் ஊரிலும் வேறுபாடின்றி வழங்குகின்றன. பெரியநீலாவணையிற் பிறந்த கவிஞர் சின்னத்துரை 'நீலாவணன்' ஆனார். அயலிலுள்ள மருதமுனையின் இஸ்மாயில் 'மருதூர்க்கொத்தன்' ஆனார். மதம் வேறாயினும், ஊரைத் தம் பெயராக்கிக்கொண்ட உணர்வு ஒன்றே. மூலப்பெயர் எது என்ற தேடல் முதலுரிமை யாருக்கு என்ற வழக்காக மாறக்கூடிய இன்றைய சூழலில் இவ்வுண்மை அழுத்திக் கூறப்படல் வேண்டும். சேதுப்பிள்ளையின் மூலத்தேடல் அவரது சூழலில் மீட்பாக அமைந்தது. அதனை இங்கு அப்படியே பெயர்த்து நடின் பிணக்குக்கே எருவாகும்.

எனவே இங்கு வேண்டப்படுவது பெயர்களைத் திருத்தும் பணியன்று, திரட்டும் பணியே. வயல்வட்டைகளின் பெயர்கள், தோணாக்களின் பெயர்கள், மீனவர் கரையை இனங்காணும் பெயர்கள் ஆகியன முதியோர் நாவிலேயே பெரிதும் வாழ்கின்றன. 2004 டிசம்பர் 26இன் ஆழிப்பேரலை இக்கரையின் பல அடையாளங்களை அழித்துவிட்டது. நிலம் உருமாறியபின் அதனைச் சுட்டிய பெயரும் பொருளிழந்து மறையும். இரு சமூகத்து மாணவரும் இணைந்து வட்டை வட்டையாகச் சென்று, கேட்ட வடிவத்தைக் கேட்டவாறே பதிவு செய்வார்களாயின், சேதுப்பிள்ளை தொடங்கிவைத்த பணி அவர் காணாத திசையில் முன்செல்லும் என்பதே எமது துணிபு.