இருளினூடே ஒரு விளக்கு

ஓர் ஓவியனை எதைக்கொண்டு அளப்பது? அவன் பெற்ற புகழைக் கொண்டா, இறந்தபோது அவனிடம் எஞ்சியிருந்த பொருளைக் கொண்டா? டென்மார்க்கு நாட்டு ஓவியர் கே நீல்சனின் வாழ்வை நோக்குங்கால் இவ்விரு அளவுகோல்களும் நம் கையில் முறிந்துபோகின்றன.

1886-ஆம் ஆண்டு கோபன்ஹேகன் நகரில் நாடகக் குடும்பத்தில் பிறந்தவர் இவர். தந்தை மார்ட்டினஸ் அரங்க இயக்குநர். தாய் ஓடா பெயர்பெற்ற நடிகை. பாரிசில் ஓவியம் பயின்று, 1911-இல் இங்கிலாந்து சென்றார். 1914-இல் வெளிவந்த ‘கதிரவனுக்குக் கிழக்கே, நிலவுக்கு மேற்கே’ என்னும் நார்வே நாட்டுக் கதைத் தொகுப்பின் படங்கள் அவர் பெயரை நிலைநாட்டின.

பகலில் வெண்கரடியாகவும் இரவில் மனிதனாகவும் வாழும் கணவனின் முகத்தைக் காண, ஒரு பெண் திரியேற்றுகிறாள். மூன்று துளிகள் அவன் சட்டைமேல் விழுகின்றன. கணவன் பிரிகிறான், அரண்மனை மறைகிறது, அவள் அடர்காட்டில் தனித்து விடப்படுகிறாள். இதனை நீல்சன் தீட்டிய பாங்கு வியப்புக்குரியது. நெடிதுயர்ந்த இருண்ட மரங்கள். அவற்றின் அடியில் சிறியதோர் உருவம். கதறல் இல்லை. அந்தச் சிறுமையே துயரத்தைச் சொல்லிவிடுகிறது.

குறையையும் கூறுவதே நேர்மை. ஆடை மடிப்பிலும் பூவேலைப்பாட்டிலும் அவர் கோடு சிலபோது அளவுக்கு மீறித் திளைக்கிறது. அப்போது அழகு நம் கண்ணோடு நின்றுவிடுகிறது, நெஞ்சை எட்டுவதில்லை.

முதல் உலகப் போருக்குப் பின் விலையுயர்ந்த படநூல்களுக்கு ஆதரவு குன்றியது. நீல்சன் தாயகம் திரும்பி, நாடக மேடைகளுக்குக் காட்சியமைத்தார். 1936-இல் ‘எவ்ரிமேன்’ நாடகத்திற்காக அமெரிக்கா சென்றார். சாவின் அழைப்பைப் பெற்ற ஒருவனைச் செல்வமும் சுற்றமும் கைவிடுவதே அந்நாடகத்தின் பொருள். அது தம் கதையும் ஆகும் என அவர் அன்று எண்ணியிருப்பாரா?

பின்னர் டிஸ்னி நிறுவனத்தில் பணியாற்றினார். 1940-இல் வெளியான ‘ஃபேன்டேசியா’ திரைப்படத்தின் இறுதிப் பகுதியில் அவர் கைவண்ணம் உண்டு. மலையுச்சியில் அலகை ஆர்ப்பரிக்கிறது. ஆலயமணி ஒலிக்க, ஒடுங்குகிறது. சூபர்ட்டின் ‘ஆவே மரியா’ இசை எழ, விளக்கேந்திய மாந்தர் வரிசையாகக் காட்டினூடே நடக்கின்றனர். அது பலர் கூடிச் செய்த படைப்பே. எனினும், 1914-இன் அந்த நெடுமரங்களை நாம் மீண்டும் காண்கிறோம். அன்று ஒரு பெண் தனியே ஏற்றிய விளக்கு அவளை இருளில் தள்ளியது. இன்று பலர் ஏந்திய விளக்குகள் இருளினூடே வழி காட்டுகின்றன. கலைஞரின் உள்ளப் பயணம் முழுவதும் இவ்விரு காடுகளுக்கும் இடையே அடங்கியுள்ளதாக நமக்குத் தோன்றுகிறது.

1941-இல் அப்பணி முடிந்தது. அதன்பின் லாஸ் ஏஞ்சலிசில் பள்ளிச் சுவர்களில் ஓவியம் தீட்டினார். ஒரு சிற்றாலயத்தில் 23-ஆம் திருப்பாடலை வண்ணமாக்கினார். இருள்சூழ் பள்ளத்தாக்கைப் பாடும் அத்திருப்பாடலை, வறுமையின் வாசலில் நின்ற ஒருவர் வரைந்தார் என்பதை மறக்க இயலவில்லை. 1957-இல், 71-ஆம் வயதில், வறியவராகவே இறந்தார். மறு ஆண்டு மனைவி உல்லாவும் மறைந்தார். ‘ஆயிரத்தோரிரவுகள்’ கதைகளுக்கு அவர் தீட்டியிருந்த படங்களை ஏற்க அருங்காட்சியகங்கள் முன்வரவில்லை. அவை 1977-இல்தான் நூலாயின. அவர் வரைந்து வைத்த குறிப்போவியங்கள் 1989-இல் வந்த ‘சின்னக் கடற்கன்னி’ திரைப்படத்திற்கும் உதவின.

காலங்கடந்து வந்த இப்பாராட்டைக் கண்டு நாம் மகிழலாம். ஆயின், நிறைவடைதல் ஆகாது. பசித்தவருக்கு இறந்தபின் படைக்கும் விருந்து அது. நம் ஆலயப் பீடத்திற்கு வண்ணம் தீட்டியவரின் பெயரை நாம் அறிவோமா? அவருக்குரிய கூலியை நிறைவாகக் கொடுத்தோமா? படத்தின்முன் கைகூப்பும் நாம், அதனை வரைந்த கையையும் ஒருமுறை நினைப்போமாக.