சந்தேகத்துக்கு முதல் பக்கம்

"பொலிஸார் சொன்னதைத்தானே போட்டோம்?" உயிர்த்த ஞாயிறு தாக்குதலையொட்டி வந்த செய்திகளை யார் குறைகூறினாலும் இலங்கை ஊடகத்துறை எடுத்துவைக்கும் சமாதானம் இது. மேலோட்டமாகப் பார்த்தால் நியாயம்தான். 2019 ஏப்ரல் 21இல் 250க்கும் மேற்பட்டோரைப் பலிகொண்ட குண்டுவெடிப்புகளை அடக்கி வாசித்திருக்க முடியாது. முன்கூட்டியே வந்த எச்சரிக்கையை மேலிடம் கிடப்பில் போட்டதை விடாமல் எழுதியவர்களும் செய்தியாளர்களே.

கோளாறு அதற்கடுத்த வாரங்களில் தொடங்கியது. சந்தேகம் எழுந்தால் முதல் பக்கம். அது பொய்த்துப்போனால் ஏதோவொரு மூலை.

குருநாகல் வைத்தியர் ஷாபி சிஹாப்தீனின் கதை தெரிந்ததுதான். ஆனாலும் திகதிகளை வரிசைப்படுத்திப் பார்க்க வேண்டும். தாக்குதலோடு பெயர் அடிபட்ட தவ்ஹீத் ஜமாஅத்தைச் சேர்ந்த வைத்தியர் ஒருவர் 4,000 சிங்கள பௌத்தத் தாய்மாருக்கு இரகசியமாகக் கருத்தடை செய்தார் என்று மே 23 அன்று ‘திவயின’ நாளேடு முதல் பக்கத்தில் எழுதியது. பெயர் சொல்லவில்லை. மறுநாள் ஷாபி கைதானார். பெண்களின் முறைப்பாடுகள் அதன் பிறகே குவிந்தன. ஆக, செய்தி முந்திக்கொண்டது; கைது பின்னால் வந்தது. பொலிஸார் சொன்னதைப் போட்டோம் என்ற வாதம் இங்கே எப்படி எடுபடும்? குற்றச்சாட்டுக்கு ஆதாரமில்லை என்று குற்றப் புலனாய்வுத் திணைக்களம் ஜூன் மாதமே நீதிமன்றத்துக்குச் சொல்லிவிட்டது. 2022இல் நிலுவைச் சம்பளம் கைக்கு வந்தபோது, மருந்துத் தட்டுப்பாட்டில் தவித்த நாட்டுக்கு மருந்து வாங்க அதைக் கொடுத்தார் அவர். 4,000 என்ற எண் இன்றும் பலருக்கு மனப்பாடம். ஜூன் அறிக்கை எத்தனை பேருக்கு ஞாபகம்?

கவிஞர் அஹ்னாஃப் ஜஸீமுக்கும் இதே கதிதான். ‘நவரசம்’ என்ற தமிழ்க் கவிதைத் தொகுப்பு தீவிரவாதம் பரப்புகிறதென்று 2020 மே மாதம் பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் அவரைப் பிடித்தார்கள். வன்முறையைக் கண்டிக்கும் கவிதைகளும் அதற்குள் இருந்தன. புரட்டிப் பார்க்க ஒரு மணி நேரம் போதும். நீதிமன்றம் அவரை வழக்கிலிருந்து விடுவிக்க 2023 டிசம்பர் ஆகிவிட்டது.

இதற்கிடையில் அரபு வாடை வீசிய எதுவும் தடயப்பொருளாகிவிட்டது. காத்தான்குடி வீதியோரத்துப் பேரீச்சை மரங்கள், அரபு எழுத்துப் பலகைகள், அபாயா எல்லாமே. 2019 ஏப்ரல் 29இல் தடை வந்தது முகத்தை மூடுவதற்கு மட்டும். பொது இடங்களின் வாசல்களில் மறிக்கப்பட்டவர்களிலோ தலையை மட்டும் மூடியிருந்த பெண்களும் இருந்தார்கள். இது இலங்கைக்கு மட்டுமே உரிய வியாதி அல்ல. 1995இல் ஒக்லஹோமாவில் குண்டு வெடித்ததும் அமெரிக்கத் தொலைக்காட்சிகள் மத்திய கிழக்கைத்தான் கைகாட்டின. பிடிபட்டவர் முன்னாள் அமெரிக்க இராணுவச் சிப்பாய் டிமோதி மெக்வே.

புல்மோட்டையில் இருந்து பார்த்தால் இன்னொன்றும் உறைக்கும். இல்மனைட் மணலுக்குப் பெயர்போன அந்த ஊரில் முஸ்லிம்களின் தாய்மொழி தமிழ். சிங்களத் தலைப்பைத் தமிழாக்கி அப்படியே இறக்கும் தமிழ் ஏடு, அந்த ஊர்க்காரரின் கையில் அவரைப் பற்றிய சந்தேகத்தை அவருடைய மொழியிலேயே கொடுக்கிறது. ‘புலி’ என்ற ஒற்றைச் சொல்லால் முப்பது வருடம் அடிபட்ட சமூகத்தின் பத்திரிகைகளுக்கு இது தெரியாமல் நடந்தது என்று சொன்னால் நம்ப முடியாது. சந்தேகம் விற்கிறது, விடுதலை விற்பதில்லை, அவ்வளவுதான்.

சாய்ந்தமருதில், தாக்குதலுக்குத் தலைமை தாங்கிய சஹ்ரானின் கூட்டத்தார் பதுங்கியிருந்த வீட்டைப் பற்றி 2019 ஏப்ரல் 26இல் துப்புக் கொடுத்தவர்கள் அவ்வூர் முஸ்லிம்கள். அந்தச் செய்தி எத்தனை நாள் ஓடியது?

பிழையை உடனடியாகவும் உரிய முக்கியத்துவத்துடனும் திருத்த வேண்டும் என்பது இலங்கைப் பத்திரிகை ஆசிரியர்கள் தாங்களே எழுதிக்கொண்ட ஒழுக்கக்கோவையில் இருக்கிறது. முதல் பக்கத்தில் செய்த பிழைக்கு உரிய இடம் முதல் பக்கம்தான். தமிழ் ஆசிரியர்கள் அஹ்னாஃபின் விடுதலையிலிருந்தே தொடங்கலாம்.