ரொசாவுரா ரெவுவெல்டாஸ்: ஒரு நடிப்பின் சமூக அடிப்படை

திரைப்பட நடிப்பைத் தனிமனித ஆற்றலின் வெளிப்பாடாக மட்டும் நோக்கும் விமர்சன மரபு, மெக்சிக்கோ நடிகையான ரொசாவுரா ரெவுவெல்டாஸைப் பெரிதும் பொருட்படுத்தவில்லை. பொருட்படுத்தியோரும் அரசியல் அடக்குமுறைக்குப் பலியானவராகவே அவரை நினைவுகூர்ந்தனர். இவ்விரு நோக்குகளும் அவரது நடிப்பின் இயல்பை விளக்கப் போதியன அல்ல என்பதே எமது கருத்தாகும்.

அவர் எஸ்பெரான்சா என்னும் பாத்திரத்தை ஏற்ற 'பூமியின் உப்பு' 1954இல் வெளிவந்தது. ஹொலிவூட்டின் கறுப்புப் பட்டியலில் இடம்பெற்ற ஹேர்பேர்ட் பைபர்மன் நெறியாள்கை செய்ய, மைக்கல் வில்சன் திரைக்கதை எழுத, போல் ஜரிக்கோ தயாரித்த சுயாதீனப் படம் அது. நியூ மெக்சிக்கோவில் எம்பயர் சிங்க் நிறுவனத்துக்கெதிராக 1950 முதல் 1952 வரை நீடித்த சுரங்கத் தொழிலாளர் வேலைநிறுத்தமே அதன் அடிப்படை. தொழிலாளர் மறியல் செய்வதை நீதிமன்றம் தடைசெய்தபோது, அவர்தம் மனைவியர் மறியலைப் பொறுப்பேற்றனர்.

எஸ்பெரான்சாவின் கணவனாக நடித்த யுவான் சக்கோன் தொழில்முறை நடிகரல்லர். அத்தொழிற்சங்கக் கிளையின் தலைவர். ஏனைய பாத்திரங்களையும் பெரும்பாலும் தொழிலாளரும் அவர்தம் குடும்பத்தினருமே ஏற்றனர். இத்தகைய சூழலில் பயிற்சிபெற்ற நடிகையொருவர் தனித்துத் துலங்குவது எளிது; துலங்கியிருப்பின் படத்தின் யதார்த்தம் சிதைந்திருக்கும். ரெவுவெல்டாஸ் தம் திறனைக் கூட்டு நடிப்பினுள் அடக்கிக்கொள்கிறார். வீட்டுக்கு நீர்வசதி வேண்டுமென்ற பெண்களின் கோரிக்கையை ஆண்கள் பின்தள்ளும் தொடக்கக் கட்டத்தில் அவரிடம் காணப்படும் தயக்கம், மறியலிலும் சிறையிலும் பெறும் அனுபவத்தால் படிப்படியாகக் கரைகிறது. கணவன் கையோங்கும் காட்சியில் அவர் பின்வாங்குவதில்லை. முதலாளிக்கும் தொழிலாளிக்குமிடையிலான முரண்பாடும், தொழிலாளியின் இல்லத்துள்ளேயே நிலவும் முரண்பாடும் ஒரே பாத்திரத்தில் சந்திக்கின்றன. எஸ்பெரான்சா வகைமாதிரிப் பாத்திரமாவது இதனாலேயே.

படப்பிடிப்பு முடியுமுன், 1953இல், அமெரிக்கக் குடிவரவு அதிகாரிகள் அவரைக் கைதுசெய்தனர். அவர் மெக்சிக்கோ திரும்ப நேர்ந்தது. எஞ்சிய காட்சிகள் சிலவற்றில் மாற்றாளொருவர் பயன்படுத்தப்பட்டார். கதைகூறும் குரல் மெக்சிக்கோவிலேயே பதிவுசெய்யப்பட்டது. உடலை எல்லைக்கு வெளியே அனுப்பிய அரசினால் அக்குரலைத் தடுக்க முடியவில்லை.

எனினும் அவர் கொடுத்த விலை சிறிதன்று. அமெரிக்காவில் மிகச்சில அரங்குகளே படத்தைத் திரையிட்டன. அவரது திரைவாழ்வும் ஒடுங்கியது. 1950களின் பிற்பகுதியில் பிரெஃக்ட் நிறுவிய பேர்லின் நாடகக் குழுவில் அவர் பணியாற்றினார். 1992இல் அதே அமெரிக்க அரசின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அப்படம் சேர்க்கப்பட்டது. நான்கு ஆண்டுகளின் பின் அவர் காலமானார். காலங்கடந்த அங்கீகாரம் இழந்த பாத்திரங்களை மீட்டுத்தராது. ஆயினும், நடித்த படங்களின் எண்ணிக்கையன்று, நடிப்பு எந்த மக்களின் அனுபவத்தோடு இணைந்தது என்பதே கலைஞரை மதிப்பிடும் அளவுகோலாதல் வேண்டும்.