குருநாகல் வாங்கிலிருந்து ஒரு வாசிப்பு: வோல்ட்டர் ஐசாக்சனின் ‘த கோட் பிரேக்கர்’

வோல்ட்டர் ஐசாக்சனின் ‘த கோட் பிரேக்கர்’ நூலின் பெரும்பகுதியை நான் வாசித்தது குருநாகல் வைத்தியசாலையின் தலசீமியாப் பிரிவுக்கு வெளியே கிடக்கும் ஒரு வாங்கில். உள்ளே என் தங்கச்சியின் மகனுக்கு இரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. மூன்று, நான்கு கிழமைக்கு ஒருதரம் புத்தளத்தில் பஸ் ஏறி, நிக்கவரட்டிய, வாரியபொல தாண்டி அங்கே போவோம். மச்சான் வெளிநாட்டில். ஆகவே துணைக்குப் போவது மாமாவின் வேலை. மருமகனுக்கு இப்போது 17 வயது. போகப்போக பஸ்ஸில் பேச்சுக் குறைந்து, வரும்போது கொஞ்சம் கூடும். புது இரத்தத்தின் வித்தியாசம் அது. இப்படிப்பட்ட ஒருவன் எழுதுகிற விமர்சனம் நடுநிலையாக இருக்காது என்பதை வாசகர்கள் முதலிலேயே தெரிந்துகொள்வது நல்லது.

2021 இல் வெளிவந்த இந்நூல், ஜெனிபர் டௌட்னா என்ற அமெரிக்க உயிரிரசாயனவியலாளரின் வாழ்க்கை வரலாறு. பரம்பரையலகை விரும்பிய இடத்தில் வெட்டித் திருத்தும் ‘கிரிஸ்பர்’ முறையை 2012 இல் எமானுவேல் சார்ப்பந்தியேயுடன் சேர்ந்து உருவாக்கியவர். 2020 இல் இருவரும் இரசாயனவியல் நோபல் பரிசு பெற்றார்கள். ஐசாக்சன் இதற்கு முன் ஐன்ஸ்டைன், ஸ்டீவ் ஜொப்ஸ், லியனார்டோ டாவின்சி என்று பெரிய மனிதர்களை எழுதியவர். எழுத்து வழுக்கிக்கொண்டு போகும். ஐந்நூறுக்கும் மேற்பட்ட பக்கங்கள், சலிப்பில்லை.

எனக்குப் பிடித்த பகுதி டௌட்னா பற்றியதல்ல. ஸ்பெயின் நாட்டுக் கரையோரத்தில் சாந்தா போலா என்ற உப்பளத்தில் வாழும் நுண்ணுயிர்களை ஆராய்ந்த பிரான்சிஸ்கோ மொஹிக்கா பற்றியது. உப்பு அடர்ந்த தண்ணீரில் வாழ்கிற அந்த உயிர்களின் பரம்பரைச் சரத்தில் ஒரே வரிசை திரும்பத் திரும்ப வருவதை அவர் 1990 களின் தொடக்கத்தில் கண்டார். எதற்காக என்று பல வருடம் விளங்கவில்லை. கடைசியில் தெரிந்தது, அது வைரசுகளை ஞாபகம் வைத்துக்கொள்கிற தற்காப்பு ஏற்பாடு என்று. புத்தளத்துக்காரனுக்கு இது சாதாரண விசயமல்ல. உப்பு விளையும் முன்னர் பாத்தியில் தண்ணீர் செவந்து கிடப்பதைச் சின்ன வயதிலிருந்து பார்த்தவர்கள் நாங்கள். அந்தச் சிவப்பில் இந்த இனத்து உயிர்களுக்கும் பங்குண்டு. ‘தலசீமியா’ என்ற பெயரே கடல் என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. கடலின் பெயரைச் சுமந்த நோய்க்கான வைத்தியம் உப்பளத்திலிருந்து தொடங்கியிருக்கிறது. ஐசாக்சன் இந்த மொஹிக்காவைச் சில பக்கங்களில் முடித்துவிட்டு ஓடுகிறார். ஓட வேண்டிய கட்டாயம் அவருக்கு.

என் முறைப்பாடு அந்த ஓட்டத்தைப் பற்றியதுதான். நூல் முழுவதும் ஒரு பந்தயம். யார் முதலில் கண்டார், யாருடைய கட்டுரை முந்தி அச்சானது, காப்புரிமை பேர்க்லிக்கா பொஸ்டனுக்கா என்று பக்கம் பக்கமாகப் போகிறது. வாழ்க்கை வரலாறு என்ற வடிவத்துக்கு ஒரு நாயகர் வேண்டும், ஒரு போட்டியாளர் வேண்டும், ஒரு வெற்றிக்கம்பம் வேண்டும். நோயாளிக்கு அதில் இடம் கம்பத்துக்கு அப்பால்தான். நூலில் மனதில் நிற்கிற நோயாளி விக்டோரியா கிரே. மிசிசிப்பி மாநிலத்துக் கறுப்பினத் தாய், அரிவாட்கலச் சோகையுடையவர், 2019 இல் இந்தச் சிகிச்சையைப் பெற்றார். அவருடைய துணிவை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் அவருக்குச் சில மாதங்கள் முந்தி ஜேர்மனியில் இதே சிகிச்சையைப் பெற்றவள் 19 வயதுத் தலசீமியா நோயாளி ஒருத்தி. வருடத்துக்கு 34 பைக்கட் இரத்தம் ஏற்றிக்கொண்டிருந்தவள், பிறகு ஏற்றவில்லை. மருத்துவக் கட்டுரையில் அவள் வயதும் எண்களும் இருக்கின்றன, பெயர் இல்லை. பெயர் சொல்லாமலிருப்பது அவளுடைய உரிமை. பெயரில்லாதவளை வைத்து வாழ்க்கை வரலாறு எழுத முடியாதல்லவா? ஆகவே அவள் கதையாகவில்லை.

ஐசாக்சன் தன் வடிவத்தை மீறி எழுதிய ஒரு பகுதி உண்டு. டேவிட் சான்செஸ் என்ற பையன். அவனுக்கும் அரிவாட்கலச் சோகை. எதிர்காலத்தில் இந்த நோய் கருவிலேயே நீக்கப்படலாம் என்று அவனிடம் சொல்லும்போது, சந்தோசப்படுவான் என்று எதிர்பார்க்கிறார்கள். அவனோ, அந்த நோயோடு வாழ்ந்ததில் தான் கற்றுக்கொண்டவையும் உண்டு என்கிறான், முடிவைப் பிள்ளையிடமே விடலாமே என்ற தோரணையில். பெரிய பேராசிரியர்கள் பேசுகிற அறம் எல்லாம் இந்தப் பையனுக்கு முன்னால் கொஞ்சம் வாயடைத்து நிற்கிறது. மருமகன் இந்தப் பக்கத்தில் பஸ் டிக்கட்டை வைத்து அடையாளம் பண்ணியிருந்தான்.

நூல் வந்தபின் நடந்ததையும் சொல்ல வேண்டும். 2023 நவம்பரில் பிரித்தானியா இந்தச் சிகிச்சைக்கு அனுமதி கொடுத்தது, உலகில் முதலாவது. 2024 ஜனவரியில் அமெரிக்கா தலசீமியாவுக்கும் அனுமதித்தது. வேலை செய்யும் விதம் அழகானது. தாயின் வயிற்றில் இருக்கும்போது எங்கள் எல்லோருக்கும் வேறொரு ஹீமோகுளோபின் இருக்கிறது. பிறந்த சில மாதங்களில் அதை அணைக்கிற சுவிட்ச் ஒன்று உண்டு. நோயாளியின் சொந்த மச்சை உயிரணுக்களை எடுத்து, அந்தச் சுவிட்சை வெட்டிவிட்டு, திரும்ப உடலில் விடுகிறார்கள். இடையில் கடும் மருந்து கொடுத்துப் பழைய மச்சையை அழிக்க வேண்டும், அது லேசான காரியமல்ல. அனுமதி கொடுத்த நேரத்தில், போதிய காலம் அவதானிக்கப்பட்ட 42 தலசீமியா நோயாளரில் 39 பேருக்கு ஒரு வருடமாவது இரத்தம் தேவைப்படவில்லை. அமெரிக்காவில் விலை 22 இலட்சம் டொலர். எங்கள் கணக்கில் சுமார் 66 கோடி ரூபா.

அந்தச் செய்தி வந்த கிழமை நான் ஒரு பாடசாலைக் கூட்டத்தில் இதைப்பற்றி உற்சாகமாகப் பேசினேன். கைதட்டல் கிடைத்தது. வீட்டுக்கு வந்தால் மருமகன் கேட்டான்: “மாமா, அது எனக்கும் செய்வாங்களா?” விலையைப் பற்றி மேடையில் நான் ஒரு வார்த்தை சொல்லவில்லை. ஐசாக்சனைக் குறைசொல்கிற நான் செய்ததும் அதே வேலைதான். வெற்றிக்கம்பத்தைக் காட்டிவிட்டு இறங்கிவிட்டேன்.

அந்தச் சுவிட்சை எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்று தேடிப் போனால் வேறொரு கதை கிடைக்கிறது. சார்டினியா தீவில் சில தலசீமியா நோயாளிகளுக்கு நோய் எதிர்பார்த்த அளவு கடுமையாக இல்லை. ஏன்? அவர்களின் இரத்தத்தைப் பரிசோதித்தவர்களும், ஹார்வர்டில் விஜய் சங்கரன், ஸ்டுவர்ட் ஓர்கின் ஆகியோரும் 2008 இல் ஒரே பரம்பரையலகில் வந்து நின்றார்கள். வெட்டுகிற கத்தியைச் செய்தவர் டௌட்னா. வெட்ட வேண்டிய இடத்தைக் காட்டியது நோயாளிகளின் இரத்தம்.

அதே மாதிரிக் கேள்வியை குருநாகலிலும் கேட்டிருக்கிறார்கள் என்பது எங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்? ஒக்ஸ்போர்ட் பேராசிரியர் டேவிட் வெதரோல், எங்கள் நாட்டு வைத்தியர்களான ஷாந்திமாலா டி சில்வா, அனுஜ பிரேமவர்தன முதலியோருடன் சேர்ந்து செய்த ஆய்வு 2000 ஆம் ஆண்டு ‘லான்செட்’ சஞ்சிகையில் வந்தது. இலங்கையில் 23 வகையான பீட்டா தலசீமியா மாற்றங்கள் இருப்பதையும், எந்த நேரத்திலும் 2000 க்கு மேற்பட்ட நோயாளர் இருப்பார்கள் என்பதையும், அவர்களைச் சரியாகப் பராமரிக்கச் சுகாதார வரவுசெலவில் நூற்றுக்கு ஐந்து தேவைப்படும் என்பதையும் அது கணக்கிட்டது. 2005 இல் அதே சஞ்சிகையில் இன்னொன்று: ஹீமோகுளோபின் ஈ கலந்த தலசீமியா உள்ள 109 இலங்கை நோயாளரை வருடக்கணக்கில் அவதானித்து, அவர்களில் கணிசமானோருக்கு இரத்தம் ஏற்றுவதையே நிறுத்தலாம் என்று கண்டார்கள். தேவையில்லாமல் ஊசியோடு வளர்ந்த பிள்ளைகள்! வெட்டவுமில்லை, ஒட்டவுமில்லை, பொறுமையாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள், அவ்வளவுதான். மருமகனுக்கு இருப்பது அந்த வகையல்ல. இருந்தாலும் நான் உட்கார்ந்து புத்தகம் வாசித்த அதே ஊரில் உலகத்துக்குப் பயன்பட்ட விஞ்ஞானம் நடந்திருக்கிறது. அதைத் தமிழில் கதையாகச் சொன்ன ஒருவரை நான் இதுவரை வாசிக்கவில்லை.

எம்மவர் விஞ்ஞானம் எழுதினால் பெரும்பாலும் இரண்டில் ஒன்று. ஒன்று, ‘இனி நோயே இல்லை’ என்ற அதிசயச் செய்தி. மற்றது, இதெல்லாம் முன்னரே சொல்லப்பட்டதுதான் என்று நிரூபிக்கிற கட்டுரை. இரண்டையும் வாசித்துவிட்டு ஒரு தாய் தன் பிள்ளைக்காக நாளைக்குச் செய்யக்கூடிய காரியம் ஒன்றும் தெரியவராது.

சொற்களும் உதவவில்லை. பாடசாலைப் புத்தகத்தில் பரம்பரையலகில் நேரும் மாற்றத்துக்கு ‘விகாரம்’ என்று பெயர்; ஊர்ப்பேச்சில் அது அவலட்சணம். குறையுள்ள அலகு ஒன்றை மட்டும் வைத்திருக்கிற, எந்த நோயுமில்லாத ஆளுக்குக் ‘காவி’. அதே புத்தகம் மலேரியாவைப் பரப்புகிற நுளம்பையும் ‘நோய்க்காவி’ என்கிறது. நுளம்புக்கும் மனுசிக்கும் ஒரே சொல். உண்மையில் நடந்தது நேர்மாறு. மலேரியா ஆண்ட நாடுகளில் இந்த ஒற்றைக் குறை மலேரியாவிலிருந்து காப்பாற்றியதால்தான் இது தலைமுறை தாண்டி நிலைத்தது என்று ஹோல்டேன் 1949 இல் சொன்னார். பின்வந்த ஆய்வுகள் அதைப் பலப்படுத்தின. 1934-35 மலேரியாவில் இலங்கையில் சுமார் 80,000 பேர் மாண்டார்கள். குருநாகல், கேகாலைப் பக்கம் ஊர் ஊராகப் போயிற்று. 2016 இல் மலேரியா இல்லாத நாடு என்று உலக சுகாதார நிறுவனம் சான்று தந்தது. நுளம்புக் காய்ச்சல் போய்விட்டது. அதிலிருந்து காப்பாற்றிய இரத்தம் எங்கள் பிள்ளைகளில் மிச்சம் நிற்கிறது.

சொந்தத்துக்குள் கட்டுவதைப் பற்றியும் ஒளிக்காமல் பேச வேண்டும். தங்கச்சியும் மச்சானும் ஒன்றுவிட்ட உறவு. மன்னாரிலிருந்து 1990 இல் வெளியேறி வந்தபின் தெரிந்த குடும்பத்தில் கொடுப்பதே பாதுகாப்பென்று வாப்பா நினைத்தார். இங்கிலாந்தின் பிராட்போர்ட் நகரில் பாகிஸ்தானியக் குடும்பங்களை உள்ளடக்கிச் செய்த பெரிய ஆய்வு 2013 இல் வந்தது: முதல்நிலை உறவில் கட்டிய பெற்றோருக்குப் பிறவிக் கோளாறுள்ள பிள்ளை பிறக்கும் வாய்ப்பு நூற்றுக்கு 3 இலிருந்து 6 ஆகிறது. இரட்டிப்பு, உண்மை. நூற்றுக்கு 94 பேருக்கு ஒன்றுமில்லை என்பதும் உண்மை. தலசீமியாவுக்கு உறவு அவசியமே இல்லை. இரண்டு ஊர்க்காரர்கள், இரண்டு இனத்தார் கூட இரண்டு காவிகளாக இருக்கலாம். அப்படியானால் ஒவ்வொரு பிள்ளைக்கும் நாலில் ஒரு பங்கு ஆபத்து. உறவைத் திட்டுவதால் ஆகப்போவது கொஞ்சம். இரத்தத்தைப் பார்ப்பதால் ஆகப்போவது நிறைய.

ஈரான் 1997 இலும் சவூதி 2004 இலும் கலியாணத்துக்கு முந்திய பரிசோதனையைக் கட்டாயமாக்கின. சவூதியின் முதல் வருடத்தில், ஆபத்தென்று தெரிந்தபின்னும் நின்றுபோன கலியாணங்கள் பத்தில் ஒன்றுகூட இல்லை. 2009 இல் பாதிக்கு மேல். முதலில் ஏன் நிற்கவில்லை என்று யோசிக்கப் பெரிய அறிவு தேவையில்லை. மண்டபம் பேசி, கார்ட் அடித்தபிறகு ரிப்போர்ட் வந்தால் யார் நிறுத்துவார்கள்? கருவில் பரிசோதித்து முடிவெடுக்கும் வழியை ஈரான் பின்னர் சட்டமாக்கியது. எங்கள் நாட்டுச் சட்டத்தில் தாயின் உயிரைக் காப்பதற்கன்றி அதற்கு இடமில்லை. ஆகவே எங்களுக்கு இருக்கிற வாசல் ஒன்றுதான், அதுவும் பேச்சுக்கால் தொடங்கு முன்னர். நிக்காஹ் பதிவில் வயது கேட்கிறோம், மஹர் கேட்கிறோம், இதைக் கேட்பதில்லை.

மருமகனுக்கு ஒரு ராத்தா. 22 வயது, வாயும் மூளையும் உள்ள பிள்ளை. அவள் காவி. போன நோன்புக்கு முன் ஒரு நல்ல இடத்திலிருந்து பேசி வந்தார்கள். தங்கச்சி என்னை அடுப்படிக்குக் கூப்பிட்டு மெல்லச் சொன்னாள்: “நானா, இதை இப்ப சொல்லாம விடுவம். தம்பிட விசயம் தெரிஞ்சாலே போதும், ஓடிடுவாங்க.” 17 வருடம் இரத்தப் பையைப் பார்த்துக்கொண்டிருந்தவள் சொல்கிறாள். எனக்குக் கோபம் வரவில்லை. ஐசாக்சனின் நூலில் அறத்தைப் பற்றிய அதிகாரங்கள் பல உண்டு. உயரமான பிள்ளை, கெட்டிக்காரப் பிள்ளையைச் செய்வித்து வாங்கலாமா என்று அவை விவாதிக்கின்றன. இந்த அடுப்படி அவற்றில் இல்லை.

சொல்லியே ஆக வேண்டும் என்று நின்றது நானல்ல, பிள்ளைதான். சொன்னோம். மாப்பிள்ளையின் உம்மா கேட்ட முதல் கேள்வி: “தொத்துற வருத்தமா?” நுளம்பின் சொல்லைப் பிள்ளைக்குச் சூட்டினால் வேறென்ன கேட்பார்கள்? இல்லை என்று விளக்கினேன், கொப்பியில் நாலு கட்டம் கீறியும் காட்டினேன். தலையாட்டினார்கள். தேத்தண்ணியைக் குடித்துவிட்டுப் போனார்கள். மூன்று கிழமை சத்தமில்லை.

நாலாம் கிழமை குருநாகலுக்குப் போக பஸ் நிலையத்தில் நின்றோம். அந்தப் பொடியன் வந்தான், கையில் ஒரு ஃபைலோடு. “சேர், இரத்தம் பாக்கிறதுக்கு வெறும் வயித்தோட வரணுமா?” என்று கேட்டான். தேவையில்லை என்றேன். மருமகன் ஜன்னலோரத்தை அவனுக்கு விட்டுக்கொடுத்தான்.