மாயாவின் இரைச்சல்

சொன்னது பலித்துவிட்டது என்பதற்காக ஒரு கலைஞரைக் கொண்டாடுவதில் எனக்குச் சம்மதமில்லை. பஞ்சாங்கம்கூடச் சில வருஷங்களில் மழையைச் சரியாகச் சொல்லிவிடுகிறது.

எம்.ஐ.ஏ. என்ற பெயரில் பாடும் மாதங்கி அருள்பிரகாசத்தின் விஷயத்தில் இதுதான் நடந்தது. லண்டனில் பிறந்து, யாழ்ப்பாணத்தில் வளர்ந்து, அகதியாக லண்டனுக்கே திரும்பியவர். சினிமாக் கலை படித்து, ஓவியம் தீட்டி, பிறகுதான் பாட்டுக்கு வந்தார். 2010இல் வந்த அவருடைய 'மாயா' என்ற இசைத்தொகுப்பின் முதல் உருப்படி ஒரு நிமிஷம்கூட ஓடாது. நம் காதுக் கருவி இணையத்தோடும், இணையம் கூகிளோடும், கூகிள் சர்க்காரோடும் எலும்புக்கு எலும்பு பூட்டினாற்போல் சேர்ந்திருக்கிறது என்கிறது அது. வீண் பிரமை என்று சிலர் சிரித்தார்கள். 2013இல் எட்வர்ட் ஸ்னோடன் அமெரிக்க உளவு ரகசியங்களை வெளியிட்டதும், 'அன்றே சொன்னாரே!' என்று வேறொரு கோஷ்டி கிளம்பிற்று. தீர்க்கதரிசிப் பட்டம் பொல்லாதது. 2024இல் அவர் அலைகளைத் தடுக்கும் உடைகளையும் தொப்பியையும் விற்கப் புறப்பட்டார்.

அந்த முதல் உருப்படி வெறும் துண்டுப் பிரசுரம். கலை இரண்டாவதில், 'ஸ்டெப்பின் அப்'பில் இருக்கிறது. துளை போடும் யந்திரத்தின் ஓசையையே அதில் தாளமாக்கியிருக்கிறார். சுரங்கத்தில் வேலை பார்த்து ஓய்வுபெற்ற என் நண்பர் ஒருவரிடம் கேட்கக் கொடுத்தேன்.

"இதை முப்பது வருஷம் சும்மாவே கேட்டேனே சார்!" என்றார்.

சிரித்துவிட்டேன். ஆனால் அவர் சொன்னதில்தான் விஷயம் இருக்கிறது. நெய்வேலியில் ராட்சசச் சக்கரத்தில் கட்டிய வாளிகள் மண்ணை வாருகின்றன. பழுப்பு நிலக்கரி பெல்ட்டில் ஏறி மின் நிலையத்துக்குப் போகிறது. எங்கேயோ ஒரு வீட்டுக் கூடத்தில் விளக்கு சத்தமில்லாமல் எரிகிறது. நம் கைபேசியும் அப்படித்தான், வழவழவென்று, மௌனமாக இருக்கிறது. அதன் பின்னால் ஓடுகிற சுரங்கத்தை மாயா காதில் விழச் செய்கிறார். அட்டைப் படத்திலும் யூடியூபின் பட்டைகள் அவர் முகத்தைப் புதைத்திருக்கின்றன.

எல்லாப் பாட்டும் தேறாது. வெறும் கூச்சலும் உண்டு. ஆனால் 'எக்ஸ் எக்ஸ் எக்ஸ் ஓ' இனிமையான மெட்டு. தான் அல்லாத ஒருத்தியாக இருக்கும்படி காதலன் கேட்கிறானே என்று ஒரு பெண் சொல்கிறாள், அவ்வளவுதான். சர்க்கார், உளவு எதுவும் அதில் இல்லை. எனக்குப் பயம் தட்டியது அங்கேதான்.

நண்பருக்கு அது பிடிக்கவில்லை. இரண்டாவதையே மறுபடி போடச் சொன்னார்.