மிஞ்சியவன்

சென்ற வாரம் நண்பர் ஒருவர் ஒரு காகிதத்தை என் கையில் திணித்தார். "ஐன்ஸ்டீன் சிறு பையனாக இருந்தபோது போட்ட புதிராம். நூற்றுக்கு இரண்டு பேரால்தான் விடுவிக்க முடியுமாம்" என்றார். இரண்டுக்கும் ஆதாரம் கிடையாது. நமக்குத் தெரிந்தவரை அந்தப் புதிர் அச்சேறியது 1962 டிசம்பர் 17ஆம் தேதியிட்ட 'லைஃப் இன்டர்நேஷனல்' பத்திரிகையில். அதில் வரும் கூல்ஸ் சிகரெட் கடைக்கு வந்ததே 1933இல். ஐன்ஸ்டீன் அப்போது ஐம்பதைத் தாண்டியவர். நண்பரிடம் சொன்னேன். அவருக்குக் கொஞ்சம் வருத்தம்தான்.

ஆனால் புதிர் நல்ல புதிர். வரிசையாக ஐந்து வீடுகள். ஐந்து வர்ணம், ஐந்து தேசத்தார், ஐந்து பிராணி, ஐந்து பானம், ஐந்து வகைச் சிகரெட். பதினைந்து தகவல்கள் தருகிறார்கள். தண்ணீர் குடிப்பவர் யார், வரிக்குதிரை வளர்ப்பவர் யார் என்பது கேள்வி.

முதல் வீட்டில் நார்வேக்காரர் இருக்கிறார். அவர் வீட்டை அடுத்தது நீல வீடு. ஆகவே இரண்டாவது வீடு நீலம். முதல் வீடு நீலமில்லை. சிவப்பு வீட்டில் இருப்பவர் ஆங்கிலேயர், ஆகவே சிவப்பும் இல்லை. தந்த நிற வீட்டுக்கு வலப்புறம் ஒட்டியது பச்சை வீடு. முதல் வீட்டுக்கு இடப்புறம் வீடே கிடையாது, பச்சையும் போயிற்று. தந்த நிறமாக இருந்தால் இரண்டாவது வீடு பச்சையாக இருக்கவேண்டும், அதுதான் நீலமாயிற்றே! மிஞ்சியது மஞ்சள். இந்த 'மிஞ்சியது' என்ற சொல்லைச் சொல்லும்போது மனசுக்குள் ஒரு குளுமை பரவுகிறது பாருங்கள், துப்பறியும் கதை படிக்கிறவர்கள் காசு கொடுப்பது அதற்காகத்தான். நானும் கொடுத்திருக்கிறேன்.

கடைசியில் தண்ணீர் நார்வேக்காரருக்கும், வரிக்குதிரை ஜப்பானியருக்கும் வந்து சேருகின்றன. வேடிக்கை என்னவென்றால், பதினைந்து தகவல்களில் ஒன்றிலாவது வரிக்குதிரை என்ற பேச்சே கிடையாது. ஜப்பானியர் வீட்டு வாசலில் யாரும் அதைப் பார்க்கவில்லை. மற்ற நாலு பேருக்கும் வேறு பிராணி இருக்கிறது, அவ்வளவுதான். கேள்வி கேட்டவர் ஒரு வரிக்குதிரை உண்டு என்று நமக்கு வாக்குக் கொடுத்திருக்கிறார். அந்த வாக்கை நம்பித்தான் அதை அவர் தலையில் கட்டுகிறோம்.

நம் முன்னோர்களுக்கு இந்த வழி தெரியாததில்லை. மணிமேகலையில் அளவைவாதி அடுக்கும் பிரமாணங்களில் 'மீட்சி' என்று ஒன்று வருகிறது. இராமன் ஜயித்தான் என்று கேள்விப்பட்டால் இராவணன் தோற்றதை அறிந்துகொள்வதுதான் அது. சிவஞான சித்தியாரின் பட்டியலில் 'ஒழிபு' என்று பெயர். ஆனால் அருணந்தி சிவாசாரியார் பத்தையும் எண்ணிவிட்டு, எல்லாம் காட்சி, கருதல், உரை என்ற மூன்றில் அடங்கும் என்று முடித்துவிடுகிறார். ஒழிபுக்குத் தனிக்குடித்தனம் கொடுக்கவில்லை. சரியென்றுதான் எனக்குப் படுகிறது. சண்டை போட்டவர்கள் இரண்டே பேர் என்பது முன்னாலேயே தெரிந்தால் அல்லவா ஒருவர் வெற்றியிலிருந்து மற்றவர் தோல்வி பிறக்கும்?

1890இல் வந்த 'தி ஸைன் ஆஃப் ஃபோர்' நாவலில் ஷெர்லாக் ஹோம்ஸ், நடக்க முடியாதவற்றைத் தள்ளிவிட்டால் மிஞ்சுவதே உண்மை என்கிறார். எத்தனையோ கதாசிரியர்கள் இதை மந்திரம்போல ஜபித்திருக்கிறார்கள். எந்த இடத்தில் சொல்கிறார் என்பதை மட்டும் மறந்துவிட்டார்கள். உள்ளே பூட்டிய ஓர் அறை; கொலையாளி எப்படி நுழைந்தான் என்பது கேள்வி. கதவில்லை, ஜன்னலில்லை, புகைபோக்கியில்லை, அறைக்குள் ஒளிந்திருக்கவும் இடமில்லை. மிஞ்சியது கூரை. ஓர் அறைக்கு இத்தனை வழிதான் என்று எண்ணிவிடலாம். அதோடு ஹோம்ஸ் சும்மா இருந்துவிடவில்லை. மேலே ஏறிப் பார்க்கிறார். பரணின் தூசியில் வெறுங்கால் தடம் பதிந்திருக்கிறது. பின்னால் வந்தவர்கள் மந்திரத்தை எடுத்துக்கொண்டார்கள், ஏணியை விட்டுவிட்டார்கள்.

மனிதர்களை அப்படி எண்ணிவிட முடியாது என்பதைச் செஸ்டர்டன் ஒரே சிறுகதையில் காட்டிவிட்டார். 1911இல் வந்த முதல் ஃபாதர் பிரௌன் தொகுதியில் 'தி இன்விஸிபிள் மேன்' என்ற கதை. ஒரு கட்டடத்தை நான்கு பேர் காவல் காக்கிறார்கள். யாருமே உள்ளே போகவில்லை என்று நால்வரும் சொல்கிறார்கள். பனியில் காலடித்தடம் இருக்கிறது! போனவன் தபால்காரன். (ரகசியத்தை உடைத்துவிட்டேன் என்று கோபிக்காதீர்கள், நூறு வருஷத்துக்கு மேலாயிற்று.) அந்த நால்வரும் பொய் சொல்லவில்லை. தினமும் வருகிறவனை அவர்கள் கணக்கில் 'யாரோ' என்று சேர்த்துக்கொள்வதில்லை. தபால்காரனைப் பட்டியலிலிருந்து அடிக்கவில்லை, எழுதவே இல்லை. ஹோம்ஸ் கதைகள் அத்தனையையும்விட இந்த ஒரு கதை எனக்குப் பெரிதாகத் தோன்றுவது இதனால்தான். நம் வீட்டுக்குள் நித்தம் வந்து போகிறவர்களில் எத்தனை பேரை நாம் பட்டியலில் எழுதுவோம்? எழுதினாலும், பொருள் ஒன்று காணாமல் போன அன்று மட்டும்தானே எழுதுவோம்?

புகழேந்தியின் தமயந்தி கெட்டிக்காரி. சுயம்வரத்தில் நளனைப்போலவே நான்கு தேவர்கள் உட்கார்ந்திருக்கிறார்கள். கண் இமைக்கிறதா, பாதம் தரையில் தோய்கிறதா, மாலை வாடுகிறதா என்று பார்த்து மாலையிடுகிறாள். நாலு பேரைக் கழித்துவிட்டு ஐந்தாவது ஆள் நளன்தான் என்று கண்ணை மூடிக்கொண்டு போய்விடவில்லை. நளனிடமே மனித அடையாளத்தைக் கண்டாள்.

இதெல்லாம் கதை விஷயம்தானே என்று நண்பர் சிரித்தார். 1984இல் உச்ச நீதிமன்றம் ஒரு வழக்கில் தீர்ப்புச் சொன்னது. இளம் மனைவி சயனைடு விஷத்தால் இறந்திருந்தாள். கணவனுக்குக் கீழ்க்கோர்ட்டு தூக்குத் தண்டனை விதித்து, ஹைகோர்ட்டும் அதை உறுதி செய்திருந்தது. நேரில் பார்த்த சாட்சி கிடையாது, சந்தர்ப்ப சாட்சியந்தான். அந்தத் தீர்ப்பில் நீதிபதிகள் ஐந்து நிபந்தனைகள் வகுத்தார்கள். குற்றம் என்ற ஒன்றைத் தவிர வேறு எந்த ஊகத்துக்கும் இடமில்லாமல் சாட்சியம் இருக்கவேண்டும் என்பது அவற்றில் ஒன்று. அந்தப் பெண் தற்கொலை செய்துகொண்டிருக்கலாம் என்ற ஊகத்தைச் சாட்சியம் தள்ளிவிடவில்லை. கணவன் விடுதலையானான்.

நண்பர் கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு காகிதத்தைத் திரும்ப வாங்கி மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு, அந்தத் தபால்காரன் கதை வீட்டில் இருக்கிறதா என்று கேட்டார்.