மித்ரில்: ஆசைக்கும் தேவைக்கும் நடுவே

மித்ரிலுக்கு மந்திர சக்தி எதுவும் கிடையாது. ஃபேண்டசி கேம்களில் ஊறியவர்களிடம் இதைச் சொன்னால் சண்டைக்கு வருவார்கள். ஆனால் டோல்கீனின் 'தி லார்ட் ஆஃப் தி ரிங்ஸ்' நாவலில் (1954–55) மித்ரில் ஓர் உலோகம், அவ்வளவுதான். நோயைக் குணமாக்காது, ஆயுளைக் கூட்டாது, கையில் வைத்திருப்பவனுக்கு வரம் எதுவும் தராது. அமேசானின் 'தி ரிங்ஸ் ஆஃப் பவர்' தொடர் (2022) அதன்மேல் ஒரு மந்திரத்தை ஏற்றிவிட்டது. நூலில் இல்லாததைச் சேர்ப்பது குற்றம் என்று நான் நினைக்கவில்லை. சேர்த்ததால் எது காணாமல் போனது என்பதுதான் என் கேள்வி.

முதலில் நூலுக்கு வருவோம். மோரியாவின் இருட்டில் பயணக் குழு ஓய்வெடுக்கும்போது கண்டால்ஃப் மித்ரிலைப் பற்றிச் சொல்கிறார். செம்பு மாதிரி தட்டி நீட்டலாம். மெருகேற்றினால் கண்ணாடி மாதிரி மின்னும். எஃகை விடக் கடினம், ஆனால் எடை குறைவு. வெள்ளி போலக் கறுக்காது. மெட்டீரியல் சயின்ஸ் தாளை அரியர் இல்லாமல் தாண்டியவர்களுக்கு இந்த இடத்தில் ஒரு சின்னச் சிரிப்பு வரும். பொதுவாக, கடினத்தன்மை கூடக் கூட நீளும் தன்மை குறையும். ரெண்டும் ஒண்ணா வேணும்னா எப்படி? டோல்கீன் செய்த ஒரே மாயம் இதுதான். மற்றதெல்லாம் பொருளாதாரம். கண்டால்ஃப் சொல்லும்படி, மித்ரில் கிடைப்பது மோரியாவில் மட்டும். ஒரு காலத்தில் தங்கத்தைப் போலப் பத்து மடங்கு விலை. இப்போது விலையே சொல்ல முடியாது, ஏனென்றால் தோண்டி எடுக்க ஆளில்லை.

ஏன் ஆளில்லை? குள்ளர்களின் செல்வத்துக்கு அடித்தளமே மித்ரில்தான். அதன் தாதுப் படிவைத் தொடர்ந்து ஆழமாக, இன்னும் ஆழமாகப் போனார்கள். மூன்றாம் யுகத்தின் 1980ஆம் ஆண்டில் அடியில் கிடந்த பால்ராக் விழித்துக்கொண்டது. மன்னர் ஆறாம் துரின் இறந்தார். மறு ஆண்டு அவர் மகன் நைன் இறந்தார். மிஞ்சியவர்கள் ஊரை விட்டு ஓடினார்கள். இதில் கவனிக்க வேண்டியது, யாரும் அவர்களைத் தோண்டச் சொல்லவில்லை என்பது. பஞ்சம் இல்லை, கொள்ளை நோய் இல்லை, வாசலில் எதிரி இல்லை. இருந்ததே போதும் என்று நிறுத்தியிருக்கலாம். நிறுத்தவில்லை.

இப்போது தொடருக்கு வருவோம். அதில் எல்ஃப்களின் உயிர் ஒளி மங்கிக்கொண்டிருக்கிறது. தொலைந்துபோன சில்மரில் ஒன்றின் ஒளி மித்ரிலுக்குள் இருக்கிறது என்கிறது ஒரு பழங்கதை. மித்ரில் கிடைக்காவிட்டால் எல்ஃப்கள் அழிந்துவிடுவார்கள். மித்ரிலின் பக்கத்தில் போனதும் வாடிய இலை ஒன்று உயிர் பெறுகிறது. மன்னர் மூன்றாம் துரின் தோண்டக் கூடாது என்கிறார். நண்பன் எல்ராண்டுக்காக இளவரசன் துரின் தோண்டுகிறான். அந்த நட்புக் காட்சிகள் நன்றாகவே இருக்கின்றன. தொடரில் எனக்குப் பிடித்த பகுதியே அதுதான். ஆனால் அதற்குக் கொடுத்த விலையைப் பாருங்கள். தோண்டுவது இப்போது கருணை ஆகிவிட்டது. வேண்டாம் என்ற கிழவர்தான் கல்நெஞ்சக்காரர். இனி இது மருத்துவமனை வாசலில் நடக்கும் கதை. அங்கே போய் பேராசையைப் பற்றி யார் பேச முடியும்?

2024இல் வந்த இரண்டாம் பருவத்தில் பேராசை வருகிறது. அதே மன்னர் வெறியோடு தோண்டச் சொல்கிறார். காரணம்? விரலில் ஒரு மோதிரம். அதைக் கழற்றியதும் தெளிந்துவிடுகிறார். ஏழு மோதிரங்கள் குள்ளர்களின் பொன்னாசையைக் கிளறின என்று டோல்கீனும் எழுதியிருக்கிறார், உண்மைதான். ஆனால் மோரியா விழுந்த கதையைச் சொல்லும்போது கண்டால்ஃப் பழியை மோதிரத்தின் மேல் போடுவதில்லை. தொடரிலோ முதல் பருவத்தில் தோண்டியது அன்பு, இரண்டாவதில் தோண்டியது சாபம். ஆசைப்பட்டுத் தோண்டியவர் என்று அங்கே ஒருவர்கூட இல்லை.

ஜேம்ஸ் கேமரனின் 'அவதார்' (2009) இந்த விஷயத்தில் புத்திசாலி. அதில் வரும் தாது கிலோ இரண்டு கோடி டாலர். அது எதற்குப் பயன்படும் என்று படத்துக்குள் யாரும் வாய் திறப்பதில்லை. விலை மட்டும்தான் தெரியும். அதனால் தோண்டுகிறவர்களுக்கு நியாயம் கற்பிக்க நமக்கு வழியே இல்லை.

டோல்கீன் இதை விட நுட்பமாகப் போகிறார். தோரின் பில்போவுக்குப் பரிசாகத் தந்த மித்ரில் கவசத்தை எடுத்துக்கொள்வோம். அதன் மதிப்பு ஷயர் மொத்தத்தையும் விட அதிகம் என்கிறார் கண்டால்ஃப். பில்போ அதைச் சில காலம் ஊர் அருங்காட்சியகத்துக்குக் கொடுத்து வைத்திருந்தார். பயன்படாது, ஆனா தூக்கிப் போடவும் மனசு வராது என்கிற சாமான்களை ஹாபிட்கள் சேர்த்து வைக்கும் கட்டடம் அது. தொலைதூர மலையில் ஒரு நகரத்தையே காவு வாங்கிய உலோகம் இங்கே தூசி படிந்து கிடந்தது. ஆசை இல்லாத ஊரில் மித்ரிலும் இன்னொரு சட்டைதான்.

பிறகு அது ஃப்ரோடோவிடம் வருகிறது. மோரியாவில் ஈட்டிக் குத்திலிருந்து காப்பாற்றுகிறது. ஆனால் அது செய்யும் பெரிய காரியம் அவன் உடம்பை விட்டுக் கழற்றப்பட்ட பிறகு நடக்கிறது. கிரித் உங்கோல் கோபுரத்தில் அவனைப் பிடித்து வைத்திருக்கும் ஓர்க்குகளுக்குள் அந்தச் சட்டை யாருக்கு என்று தகராறு. கோர்பாக்குக்கு அது வேண்டும்; ஷாக்ராட் தர மாட்டேன் என்கிறான். வெட்டிக்கொண்டு கிட்டத்தட்ட எல்லோரும் செத்துவிடுகிறார்கள். சாம் தனியாளாகப் படியேறிப் போய் ஃப்ரோடோவை மீட்க முடிவது அதனால்தான். மோரியாவை அழித்த அதே ஆசை இங்கே ஒருவனைக் காப்பாற்றுகிறது. இந்த இரண்டு இடத்திலும் மித்ரில் தானாக எதுவும் செய்யவில்லை. பார்த்தவர்கள் செய்துகொண்டார்கள்.

இது வெறும் ரசிகச் சண்டை இல்லை என்று ஏன் நினைக்கிறேன்? ஆழ்கடல் தரையில் கோபால்ட்டும் நிக்கலும் கலந்த உருண்டைகள் கிடக்கின்றன. அவற்றை அள்ள விரும்பும் நிறுவனங்கள் பேட்டரிக்குத் தேவை, பூமியைக் காப்பாற்றத் தேவை என்கின்றன. அதில் உண்மை இருக்கலாம். ஆனால் எவ்வளவு தேவை, எங்கே நிறுத்துவது என்று கேட்க, தேவைக்கும் ஆசைக்கும் நடுவில் ஒரு கோடு வேண்டும். டோல்கீனின் மித்ரில் அந்தக் கோட்டைக் கண்ணுக்குக் காட்டியது. தொடரின் மித்ரில் அதை அழித்துவிட்டது.